உடல் நீத்த வேடங்கள்: கே. பி. சுந்தராம்பாளின் மேடை, திரைப் பாத்திரங்களை முன்வைத்து

ஆய்வுச்சுருக்கம்

தமிழ் நாடக மேடையில் குழந்தை வேடத்தில் அறிமுகமாகி, ஸ்திரீபார்ட் நடிகையாகப் புகழ்பெற்று, 1935 முதல் திரைப்படங்களிலும் தனியிடம் பெற்றவர் கே. பி. சுந்தராம்பாள் (1908–1980). அவரைப் பற்றிய எழுத்துகளில் பெரும்பாலானவை அவருடைய கைம்மை வாழ்வையும் குரல்வளத்தையும் போற்றுகின்றன. அவர் ஏற்ற பாத்திரங்களை ஒரு தொடராக வைத்து நோக்கிய முயற்சிகள் குறைவு. நந்தனார், மணிமேகலை, ஔவையார், கவுந்தியடிகள், காரைக்காலம்மையார் ஆகிய ஐந்து பாத்திரங்களும் தம் உடலைத் துறத்தல் அல்லது மாற்றிக்கொள்ளல் என்னும் ஒரே செயலால் இணைகின்றன. இவ்விணைப்பு, 1933க்குப் பின் அவர் விதித்துக்கொண்ட நடிப்புக் கட்டுப்பாட்டின் விளைவு என்பதையும், அக்கட்டுப்பாடு பக்திச் சின்னமாக மட்டுமன்றித் தொழில் நிபந்தனையாகவும் இயங்கியது என்பதையும் இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: கே. பி. சுந்தராம்பாள், ஸ்பெஷல் நாடகம், ஸ்திரீபார்ட், கைம்மை, நந்தனார், ஔவையார்.

முன்னுரை

ஒரு நடிகையின் வாழ்வை எழுதும்போது அவர் நடித்தவற்றைக் காட்டிலும் அவர் இழந்தவற்றை விரித்தெழுதும் வழக்கம் தமிழில் வேரூன்றியுள்ளது. சுந்தராம்பாள் இவ்வழக்கத்திற்கு மிகுதியும் ஆட்பட்டவர். கொடுமுடியில் வறுமை, தொடர்வண்டியில் பாட்டு, எஸ். ஜி. கிட்டப்பாவுடன் காதல், அவருடைய அகால மறைவு, அதன்பின் வெண்ணிற ஆடையும் திருநீறும் என ஐந்தாறு காட்சிகளில் அவ்வரலாறு முடிந்துவிடுகிறது. எஞ்சிய ஏறத்தாழ நாற்பதாண்டுத் தொழில் வாழ்வு அக்காட்சிகளுக்குப் பின்னுரை போலச் சுருங்கிவிடுகிறது.

இசை வரலாற்றினர் அவரை வேறுவகையில் சுருக்கினர். ஒலிபெருக்கி பரவாத காலத்தில் உயர்ந்த சுருதியில் கடைசி வரிசை வரை எட்டிய குரல் என்பதே அவர்கள் தரும் சித்திரம். அச்சித்திரம் பொய்யன்று. எனினும், பாட்டைக் கேட்டவர் நடிப்பைக் காணவில்லை என்னும் குறை அதில் உண்டு. அவருடைய முதல் படமான 'பக்த நந்தனார்' 1935இல் வெளிவந்தபோது ஆனந்த விகடனில் எழுதிய கல்கி, அதில் மனிதர்களை விட எருமையும் பனைமரமுமே நன்றாக நடித்தன என்னும் பொருள்பட எள்ளினார். அந்த எள்ளல் படத்தைக் காட்டிலும் நீண்ட ஆயுள் பெற்றது. படத்தின் பிரதி இன்று காணக் கிடைக்காத நிலையில், ஒரு நடிகையின் முதல் திரை நடிப்பை ஓர் எருமையோடு ஒப்பிட்டே தமிழ் உலகம் நினைவில் வைத்திருக்கிறது.

'அவருக்கு நடிக்கத் தெரியுமா' என்னும் வினாவை விடுத்து, 'அவர் எவற்றை நடித்தார், எவற்றை நடிக்க மறுத்தார்' என்னும் வினாவிலிருந்து தொடங்கினால் வேறொரு வரலாறு தென்படும்.

பசித்த பிள்ளையின் வேடம்

சுந்தராம்பாள் காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில் 1908இல் பிறந்தார். தாய் பாலாம்பாள். இளமையில் தந்தையின் துணையின்றி வறுமையில் உழன்ற குடும்பம் அது. தொடர்வண்டியில் பாடிப் பிழைத்த சிறுமியின் குரலைக் கேட்டு அவரை மேடைக்கு அழைத்துச் சென்றவர் யார் என்பதில் வரலாற்றாளரிடையே கருத்தொருமை இல்லை. தென்னிந்திய இரயில்வே அலுவலரும் நாடக நடிகருமான எஃப். ஜி. நடேச ஐயரைச் சிலர் குறிப்பிடுகின்றனர். வேலு நாயர் நாடகக் குழுவில் அவர் சேர்ந்ததைப் பெரும்பாலோர் குறிப்பிடுகின்றனர்.

அவர் முதலில் ஏற்றது 'நல்லதங்காள்' நாடகத்தில் ஆண்பிள்ளை வேடம் என்பது வாழ்க்கை வரலாறுகள் தரும் செய்தி. பஞ்சத்தால் பிறந்த வீடு தேடி வந்து, அண்ணன் மனைவியால் அவமதிக்கப்பட்டு, பெற்ற பிள்ளைகளைக் கிணற்றில் வீசித் தானும் மாயும் தாயின் கதை அது. பசியால் அழும் பிள்ளையின் பாட்டு அந்நாடகத்தில் அவையை உருக்கும் இடம். உண்மையிலேயே பசியறிந்த ஒரு சிறுமி அவ்விடத்தில் பாடியதால் அவை உருகியது என்று எழுதுவது எளிது. பலரும் அவ்வாறே எழுதியுள்ளனர். ஆய்வு நோக்கில் முதன்மை பெறுவது பிறிதொன்று: அவருடைய முதல் வேடமே ஆண் வேடம். பால் கடந்து வேடமேற்பது அவருக்குப் பிற்காலத்தில் நேர்ந்த விதிவிலக்கன்று. தொழிலின் தொடக்கப் பயிற்சி.

அக்காலத் தமிழ் மேடை இதற்கு இடமளித்தது. சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) 1918இல் மதுரையில் நிறுவிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் சிறுவர்களே பெண் வேடங்களையும் ஏற்றனர். கும்பகோணத்தில் பாலாமணி அம்மாள் நடத்திய குழுவிலோ பெண்களே ஆண் வேடங்களையும் ஏற்றனர். வேடத்தின் பாலும் வேடதாரியின் பாலும் ஒன்றாயிருக்க வேண்டும் என்னும் நெறி திரைப்படம் கொண்டுவந்தது. மேடை அதை அறியாது.

தினைப்புனத்து வள்ளி

1920களில் சுந்தராம்பாள் ஸ்பெஷல் நாடக உலகில் முன்னணிக்கு வந்தார். ஸ்பெஷல் நாடகத்தில் நிலையான குழு இல்லை. ஒப்பந்தக்காரர் ஒரு நாளுக்கென ராஜபார்ட், ஸ்திரீபார்ட், பபூன், பின்பாட்டு ஆகியோரைத் தனித்தனியே அமர்த்துவார். ஒத்திகை கிடையாது. கதையும் பாடல்களும் எல்லோருக்கும் தெரிந்தவை. அன்றிரவு மேடையில் யார் யாரை மிஞ்சுகிறார் என்பதே தெரியாதது.

'வள்ளி திருமண'த்தின் உயிர்நிலை தினைப்புனத்தில் வள்ளிக்கும் வேலனுக்கும் நிகழும் தர்க்கம். அங்கு வள்ளி வெட்கி ஒதுங்கும் பெண்ணல்லள். வினாவுக்கு வினா, பாட்டுக்குப் பாட்டு என எதிர்நிற்பவள். ராஜபார்ட் ஒரு சுரத்தை நீட்டினால் ஸ்திரீபார்ட் அதற்கு மேலொன்று வைத்தாக வேண்டும். சொல்வன்மையும் நகையுணர்வும் இல்லாதவர் அவ்விடத்தில் நிற்க இயலாது. இலங்கையில் 1926 அளவில் கிட்டப்பாவுடன் அவர் இணைந்து நடித்தது இந்நாடகத்தில்தான். செங்கோட்டையில் 1906இல் பிறந்து, சிறுவயதிலேயே மேடையேறி, கன்னையாவின் குழுவில் பெரும்புகழ் ஈட்டியிருந்தவர் கிட்டப்பா. அவருக்கு ஈடுகொடுத்துப் பாடக்கூடிய ஸ்திரீபார்ட் என்னும் பெயரே சுந்தராம்பாளைத் தமிழகத்தின் முன்வரிசை நடிகையாக்கியது. 1927இல் இருவரும் மணந்துகொண்டனர். கிட்டப்பா ஏற்கெனவே மணமானவர்.

பிற்காலத் திரைப்படங்களில் மட்டும் அவரைக் கண்டவர்களுக்கு இந்த வள்ளி எட்டாதவள். காதல், ஊடல், குறும்பு, சொற்போர் ஆகியவற்றை மேடையில் ஆறேழாண்டுகள் நடத்திய ஒருவரைத் தமிழ்ச் சமூகம் பிறவித் துறவியாகவே நினைவில் கொண்டது. இளம் ஸ்திரீபார்ட்டின் நடிப்புக்கு இசைத்தட்டுகளைத் தவிர வேறு சான்று எஞ்சவில்லை. இசைத்தட்டில் குரல் உண்டு. மேடையிலிருந்து அவையை நோக்கி வீசிய பார்வை இல்லை.

இந்நாடகத்தில் கவனிக்கத்தக்க மற்றொரு செய்தியும் உண்டு. வேலனாகவும் விருத்தனாகவும் உருமாறுபவன் முருகன். காதலை அடையும் பொருட்டு ஆண் தெய்வம் உடல் மாறுகிறது; வள்ளி மாறுவதில்லை. சுந்தராம்பாள் பிற்காலத்தில் ஏற்ற பாத்திரங்களில் இவ்வமைப்பு தலைகீழாகிறது.

விரதமும் நிபந்தனையும்

1933 டிசம்பரில், முப்பது வயதை எட்டும் முன்பே கிட்டப்பா மறைந்தார். அப்போது சுந்தராம்பாளுக்கு வயது இருபத்தைந்து. அணிகளை நீக்கி வெண்ணிற ஆடை உடுத்தார். வேறெந்த ஆண் நடிகருடனும் இணையாக நடிப்பதில்லை என உறுதி பூண்டார். சில காலம் மேடையைத் துறந்திருந்தார். சத்தியமூர்த்தி உள்ளிட்ட காங்கிரசுத் தலைவர்களின் வற்புறுத்தலால் பொதுமேடைக்குத் திரும்பியதாகக் கூறப்படுகிறது.

இவ்வுறுதியைக் கற்பின் சான்றாகப் போற்றும் எழுத்துகளும், ஆணாதிக்கச் சமூகம் ஏற்றிய சுமையாகக் கண்டிக்கும் எழுத்துகளும் உண்டு. இரண்டும் ஒரு புள்ளியில் ஒன்றுபடுகின்றன: உறுதி பூண்டவரைச் செயலற்றவராகக் காண்கின்றன. கைம்பெண் மங்கல நிகழ்வுகளிலிருந்து விலக்கப்பட்ட சமூகத்தில், ஒரு கைம்பெண் ஆயிரக்கணக்கானோர் முன் பாடி நடித்துப் பொருளீட்டினார் என்பதே வியப்புக்குரியது. வெண்ணிற ஆடை அவரை வீட்டுக்குள் அடைக்கவில்லை. அதை உடுத்தியே அவர் வெளியில் வந்தார். இரண்டாம் மனைவி, நாடகக்காரி என்னும் இரு பழிச்சொற்களுக்கும் இலக்காகக்கூடிய ஒருவருக்கு அவ்வாடை காப்பாகவும் பயன்பட்டது.

'பக்த நந்தனார்' ஒப்பந்தம் பற்றி வழங்கும் செய்தி இங்கு நினையத்தக்கது. திரைப்படத்தில் நடிக்க விரும்பாத சுந்தராம்பாள், தயாரிப்பாளர் அசன்தாசைத் தவிர்க்கும் பொருட்டு ஒரு இலட்சம் ரூபாய் கேட்டதாகவும், அவர் அதற்கு உடன்பட்டதாகவும் கூறுவர். தவிர்ப்பதற்காகக் கேட்டாரா, தம் மதிப்பை அறிந்தே கேட்டாரா என்பது தனி வினா. முன்னதை மட்டுமே எல்லோரும் நம்புவது, ஒரு பெண் தன் கலைக்கு விலை கூறியதை ஏற்கத் தமிழ்ச் சமூகத்திற்கு இருந்த தயக்கத்தையே காட்டுகிறது. அன்றைய தமிழ்த் திரையில் அத்தொகை முன்னுதாரணம் அற்றது. அதனுடன் ஆண் இணை கூடாது என்னும் நிபந்தனையையும் சேர்த்துப் பார்த்தால், விரதம் என்று வழங்கப்படுவது ஒப்பந்தத்தின் ஒரு கூறாகவும் விளங்கியது தெளிவாகும்.

நடிப்புலகில் இக்கைம்மையின் தனித்தன்மையை உணர உருசிய மேடையிலிருந்து ஓர் ஒப்பீடு உதவும். மாஸ்கோ கலை அரங்கின் நடிகை ஓல்கா கினிப்பர் (1868–1959), நாடகாசிரியர் அந்தோன் செகாவை 1901இல் மணந்தார். 1904இல் கணவரை இழந்தார். செகாவ் நோய் காரணமாக யால்தாவிலும் கினிப்பர் நடிப்பின் பொருட்டு மாஸ்கோவிலும் வாழ்ந்தமையால் அவர்களுக்கிடையே எழுந்த கடிதங்கள் புகழ்பெற்றவை. ஊர்தோறும் நாடகத்திற்காகப் பிரிந்திருந்த கிட்டப்பாவுக்குச் சுந்தராம்பாள் எழுதிய கடிதங்களும் பின்னாளில் அச்சேறின. இருவருமே மறுமணம் செய்துகொள்ளவில்லை. ஒற்றுமை இவ்வளவே. செகாவ் எழுதிய 'செர்ரித் தோட்டம்' நாடகத்தில் 1904 சனவரியில் ரனேவ்ஸ்கயாவாக முதன்முதல் நடித்த கினிப்பர், கணவர் மறைந்த பின்னும் பல பத்தாண்டுகள் அப்பாத்திரத்தை நடித்தார். ரனேவ்ஸ்கயா, பாரிசில் ஒரு காதலனை விட்டு வந்து மீண்டும் அவனிடமே செல்பவள். அவளை நடித்ததால் நடிகையின் கைம்மை களங்கமுற்றதாக மாஸ்கோ அவையினர் கருதவில்லை. வேடம் வேறு, வேடதாரி வேறு என்னும் பிரிவு அங்கு இயல்பாயிருந்தது. சுந்தராம்பாளுக்கு அப்பிரிவு மறுக்கப்பட்டது; அவரும் அதைக் கோரவில்லை. தம் வாழ்வுக்கும் வேடத்துக்கும் இடையே முரண் எழாத பாத்திரங்களை மட்டுமே தேர்ந்தார். அத்தேர்வு அவரைத் தமிழ் இலக்கிய மரபின் ஒரு குறிப்பிட்ட பகுதிக்குள் கொண்டுசென்றது.

நந்தனார்: கோயிலுக்கு வெளியே நின்றவர்

நந்தனார் கதை பெரியபுராணத்தில் திருநாளைப்போவார் புராணமாக அமைந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதியார் தம் நந்தனார் சரித்திரக் கீர்த்தனையில் வேதியர் என்னும் பண்ணையாரைப் படைத்துச் சேர்த்தார். தில்லைக்குச் செல்ல விடை வேண்டி நிற்கும் அடிமையும் விடை மறுக்கும் ஆண்டையும் எதிரெதிரே நிற்கும் நாடகம் அதன்பின்னரே உருவாயிற்று. 1935ஆம் ஆண்டுப் படத்தில் மாணிக்லால் டாண்டன் இயக்கத்தில் சுந்தராம்பாள் நந்தனாராகவும், சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர் வேதியராகவும் நடித்தனர்.

ஆண் நடிகருடன் இணையாக நடிப்பதில்லை என்னும் நிபந்தனைக்கு ஆண் வேடமே எளிய தீர்வு என்று இதனைக் கடந்துவிடலாம். ஆயினும் ஆண் வேடங்கள் பல இருக்க, நந்தனார் ஏன் என்னும் வினா எஞ்சுகிறது. விடை மறுக்கப்பட்டவர், கோயிலுக்கு வெளியே நிற்பவர், தம் இருப்பே தீட்டு எனக் கருதப்பட்டவர் நந்தனார். கைம்பெண்ணின் வருகையை அமங்கலமெனக் கருதிய சமூகம் அவ்வேடத்தில் ஒரு கைம்பெண்ணைக் கண்டது. சாதி இழிவும் கைம்மை இழிவும் ஒன்றல்ல. இரண்டையும் சமன்செய்வது நந்தனார் கதையின் கூர்மையை மழுக்கிவிடும். ஒதுக்கப்பட்ட ஓர் உடலின் வேண்டுதலை ஒதுக்கப்பட்ட மற்றோர் உடலின் குரல் ஏற்றுப் பாடியது என்ற அளவில் நிறுத்துவதே பொருந்தும். 1942இல் ஜெமினி நிறுவனம் தயாரித்த 'நந்தனார்' படத்தில் தண்டபாணி தேசிகர் அவ்வேடத்தை ஏற்றார். இசையில் தேசிகர் குறைந்தவரல்லர். ஆனால் அங்கு நந்தனார் ஒரு பக்தர் மட்டுமே.

நந்தனார் கதையின் முடிவு, நெருப்பில் மூழ்கி வேறு உடலுடன் எழுவது. பழைய உடலை எரித்த பின்னரே கோயில் திறக்கிறது. சாதியை ஒழிக்காமல் சாதிக்குரியவரின் உடலை ஒழிக்கும் இம்முடிவு நெடுங்காலமாகத் திறனாய்வுக்கு உட்பட்டு வருவது. சுந்தராம்பாளின் பாத்திரத் தொடரில் இதுவே முதற்கண்ணி.

மணிமேகலையும் ஔவையும்

1940இல் வெளிவந்த 'மணிமேகலை'யில் அவர் தலைமைப் பாத்திரத்தை ஏற்றார். உதயகுமரனின் வேட்கைக்கு இலக்கான மணிமேகலை, அதனின்று தப்பக் காயசண்டிகையின் உருவம் கொள்கிறாள். அவ்வுருவிலேயே அமுதசுரபியால் பசித்தோர்க்கு உணவிடுகிறாள். நல்லதங்காளின் பசித்த பிள்ளையாகத் தொடங்கியவர் பசிப்பிணி நீக்குபவளாக நின்றது தற்செயலாகலாம். ஆணின் பார்வையிலிருந்து விடுபட உடலை மாற்றிக்கொள்ளும் பெண்ணாக நின்றது தற்செயலன்று. அத்தகைய பாத்திரமே அவருடைய நிபந்தனைக்கு இசைந்தது.

ஔவையார் தொன்மம் இதனினும் நேரானது. மணவினையிலிருந்து தப்ப விநாயகரை வேண்டி இளமையை நீத்து மூதாட்டியாகிறாள் ஒரு கன்னி. ஜெமினி நிறுவனத்தின் சார்பில் எஸ். எஸ். வாசன் தயாரிக்க, கொத்தமங்கலம் சுப்பு இயக்கிய 'ஔவையார்' (1953) இத்தொன்மத்தைக் காட்சியாக்குகிறது. இளம் ஔவையாக வருபவர் குசலகுமாரி. வேண்டுதல் பலித்ததும் திரையில் தோன்றுபவர் சுந்தராம்பாள். அப்போது அவருக்கு நாற்பத்தைந்து வயது. இளமை நீங்கும் கணத்தில் அவருடைய பங்கு தொடங்குகிறது.

மூதாட்டி வேடத்தின் அழகியலை உணர, அதற்கு முன்பே தமிழ் மேடையில் நின்ற ஔவையை நினைவுகூர வேண்டும். டி. கே. எஸ். சகோதரர்களின் நாடகத்தில் ஔவையாக நடித்துப் புகழ்பெற்று, அப்பெயரையே அடைமொழியாகக் கொண்டவர் டி. கே. சண்முகம். ஆண் பெண்ணாக வேடமேற்பது தமிழுக்குப் புதிதன்று. ஜவ்வாது மலையின் கிழக்கு அடிவாரத்திலிருந்து போளூர், செய்யாறு வரை பரவியுள்ள தெருக்கூத்து மரபில் திரௌபதியை ஆண்களே காலங்காலமாக ஆடிவந்துள்ளனர். அங்கு பெண்மை என்பது புடைவை, கொண்டை, குரல் ஏற்றம், கைநளினம் ஆகியவற்றால் கட்டப்படுவது. விடியும் வரை தாங்கப்பட்டு, ஒப்பனை கலையும்போது கலைவது. சண்முகத்தின் ஔவையும் அவ்வாறு கட்டப்பட்டதே. கூன், நடுக்கம், பொக்கைவாய்ச் சொல் என முதுமையின் ஒவ்வோர் அடையாளமும் பயின்று பெற்றது.

சுந்தராம்பாளின் ஔவை இவ்வழியில் செல்லவில்லை. அவர் முதுமையைப் போலச் செய்வதில் அக்கறை காட்டவில்லை. நேராக நிற்கிறார். கோலை ஊன்றினாலும் அதன்மேல் சாய்வதில்லை. அரசன் முன்னும் தெய்வத்தின் முன்னும் குரலின் சுருதி தாழ்வதில்லை. உடலசைவு குறைவு, முகத்தில் மாற்றம் சிறிது. கல்கி 1935இல் எள்ளியது இந்த அசைவின்மையையே என்று கொள்ள இடமுண்டு. ஒலிவாங்கி இல்லாத மேடையில் பாட்டு உச்சத்தில் நிற்கும்போது உடல் நிலைத்து நிற்றல் ஸ்பெஷல் நாடகப் பயிற்சியின் ஒரு பகுதி. அப்பயிற்சி அண்மைக் காட்சிகளுக்கும் வெட்டுகளுக்கும் பழகிய திரைப்படக் கண்ணுக்குக் குறையாகத் தோன்றியிருக்கும். 'ஔவையா'ரில் அதே நிலைப்பு நிறைவாகிறது. தனக்கென எதையும் வேண்டாதவளின் உடலுக்கு அசைவதற்குக் காரணம் இல்லை. இருபதாண்டு இடைவெளியில் மாறியது நடிகையின் நடிப்பன்று. அந்நடிப்புக்கு உரிய பாத்திரம் கிடைத்தது என்பதே வேறுபாடு.

படத்தின் பிற பகுதிகளுக்கு இத்தகைய மதிப்பீடு பொருந்தாது. யானைக் கூட்டமும் கோட்டைச் சுவரும் இடிமின்னலும் ஔவையின் சொல்லை நம்பாத ஒரு தயாரிப்பாளரின் கைவேலையாகவே தோன்றுகின்றன. 1951இல் சென்னைச் சட்ட மேலவை உறுப்பினரான சுந்தராம்பாள் ஆளுவோர்க்கு அறிவுரை கூறும் மூதாட்டியாகத் திரையில் நின்றபோது, அன்றைய அவையினர் ஔவையை மட்டுமே கண்டிருப்பர் என்று கூறவியலாது. நாடகக் கலைஞரும் இசைத்தட்டும் தேசிய இயக்கத்திற்கு ஆற்றிய பணியைச் சு. தியடோர் பாஸ்கரன் 1981இல் வெளியிட்ட நூலில் விரிவாக ஆராய்ந்துள்ளார். காங்கிரசுக் கூட்டங்களில் தலைவர் பேசுமுன் கூட்டம் சேர்க்கப் பாடிய குரல், இங்கு தலைவர்களைக் கேட்கவைக்கும் குரலாக இடம் மாறியது.

கவுந்தியும் காரைக்காலம்மையும்

'ஔவையா'ருக்குப் பின் பதினோராண்டுகள் கழித்து வந்த 'பூம்புகார்' (1964) அவருடைய திரைவாழ்வில் முரண்கள் மிக்க படம். கதை உரையாடல் மு. கருணாநிதி, இயக்கம் ப. நீலகண்டன். காங்கிரசு மேடைகளில் பாடிய சைவப் பற்றாளர், திராவிட முன்னேற்றக் கழக எழுத்தாளரின் படத்தில் சமணப் பெண்துறவியான கவுந்தியடிகளாக நடித்தார். அவர் தயங்கினார் என்றும் வற்புறுத்தப்பட்டார் என்றும் செய்திகள் உண்டு. அத்தயக்கத்தைக் காட்டிலும் படம் அவரிடம் எதை வேண்டியது என்பதே கருதத்தக்கது. கட்சியும் சமயமும் வேறாயினும், துறவின் சொல்லுக்குத் தமிழ்த் திரையில் ஏற்கத்தக்க உருவம் சுந்தராம்பாள் ஒருவரே என்பதைப் 'பூம்புகார்' ஒப்புக்கொண்டது.

சிலப்பதிகாரக் கவுந்தி சாந்தமே உருவானவர் அல்லர். கோவலன் கண்ணகியை இகழ்ந்த இருவரை முதுநரிகளாகச் சபிக்கும் ஆற்றல் உடையவர். அவர்களுக்கு இரங்கிச் சாபவிடை தருபவரும் அவரே. கண்ணகியை மாதரியிடம் அடைக்கலமாக ஒப்படைத்தவர், கோவலன் கொலையுண்ட செய்தி கேட்டு உண்ணா நோன்பிருந்து உயிர் நீக்கிறார். ஐந்து பாத்திரங்களுள் பிறர் துயருக்காக உடல் துறப்பவர் கவுந்தி மட்டுமே. கோவலனாக எஸ். எஸ். இராசேந்திரனும் கண்ணகியாக விஜயகுமாரியும் நடித்த அப்படத்தில், கணவன் மனைவி என்னும் இணைக்கு வெளியே நின்று அவ்விணையைக் காக்க முயன்று தோற்கும் மூன்றாமவராகச் சுந்தராம்பாள் நடந்து செல்கிறார். 1933க்குப் பிந்தைய அவருடைய மேடை இடத்தை இதனினும் துல்லியமாகக் காட்டும் காட்சி வேறில்லை.

ஏ. பி. நாகராசனின் 'திருவிளையாடல்' (1965), 'கந்தன் கருணை' (1967) ஆகியவற்றில் அவர் மீண்டும் ஔவையாக வந்தார். இவற்றில் பாத்திரம் வளரவில்லை. 1953இல் நிலைபெற்ற உருவம் மறுபடி அழைக்கப்பட்டது. வெண்ணிற ஆடையும் திருநீறும் கோலும் தோன்றிய அளவிலேயே அவையினர் பாட்டுக்குக் காத்திருந்தனர். தொழில் நிபந்தனையாகத் தொடங்கியது இவ்விடத்தில் வார்ப்பாக இறுகிவிட்டதை மறுக்க இயலாது. அவருடைய மேடைக் காலத்தவரான டி. பி. இராஜலட்சுமி, 1931இல் 'காளிதாஸ்' நாயகியாகத் தொடங்கி 1936இல் 'மிஸ் கமலா'வைத் தாமே இயக்கினார்; ஆயின் திரையுலகம் அவரை விரைவில் மறந்தது. சுந்தராம்பாளை மறக்கவில்லை, ஆனால் ஒரே வேடத்தில் மட்டும் நினைவில் வைத்தது. எது இழப்பில் மிகுந்தது என்று தீர்ப்பது எளிதன்று.

எம். ஏ. திருமுகம் இயக்கிய 'துணைவன்' (1969) படப் பாடலுக்காக அவருக்குச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது கிடைத்தது. நடிப்பவர் ஒருவர், பாடுபவர் ஒருவர் என்பது தமிழ்த் திரையில் எப்போதோ விதியாகிவிட்டிருந்தது. தம் வேடத்துக்குத் தாமே பாடிய நடிகைக்குப் 'பின்னணி' என்னும் பெயரில் விருது வந்தது. அவருடைய கலையைக் குறிக்கும் பெயர் விருதுப் பட்டியலில் இல்லை. 1970இல் பத்மஸ்ரீ விருதும் கிடைத்தது.

1973இல் ஏ. பி. நாகராசன் இயக்கிய 'காரைக்கால் அம்மையார்' படம் பாத்திரத் தொடரை அதன் எல்லைக்குக் கொண்டுசெல்கிறது. மாங்கனி அற்புதத்தால் அஞ்சிய கணவன் நீங்கி வேறு மணம் புரிகிறான். அவன் தன் காலில் விழக் கண்ட புனிதவதி, அவன்பொருட்டுத் தாங்கிய தசையை உதறிப் பேய்வடிவு வேண்டிப் பெறுகிறாள். ஔவை இளமையை மட்டும் நீத்தாள். மணிமேகலை உருவத்தை மாற்றினாள். அம்மையோ பெண்ணுடல் என்று அறியப்படும் அனைத்தையும் துறக்கிறாள். கணவனின் மறைவால் நேர்ந்த துறவன்று இது; வாழும் கணவன் கைவிட்டதால் நேர்ந்தது. கிட்டப்பாவின் வாழ்நாளிலேயே பிரிவும் மனத்தாங்கலும் இருந்தன என்பதை அச்சிடப்பட்ட கடிதங்கள் உணர்த்துகின்றன. கைம்மையை மட்டும் வைத்து அவரை வாசித்த எழுத்துகள் தொடாத இடம் அது.

படத்தில் புனிதவதியாக நடித்தவர் இலட்சுமி. கணவனுக்கு உணவு படைக்கும் மனைவியாகவும், மாங்கனி வேண்டிக் கையேந்தும் பெண்ணாகவும், ஊரார் நடுவே கைவிடப்பட்டவளாகவும் அவர் நடித்து முடிக்கிறார். உடல் உதிர்ந்த பின், அறுபத்தைந்து வயதை எட்டிய சுந்தராம்பாள் பாடிக்கொண்டே வருகிறார்.